முருங்கை காய்க்கலையா, கீரை கசக்குதா: அறிகுறிய வச்சு சரி பண்றது எப்படி

காரைக்குடி, கண்டனூர், பள்ளத்தூர் பக்கம் எந்தத் தெருவுக்குப் போனாலும் வீட்டுக் கொல்லையில ஒரு முருங்கை நிக்கும், வருஷத்துக்கு ஒரு தடவை மட்டும் திறக்குற பெரிய வீட்டுக் கொல்லையில கூட நிக்கும், அந்த யாரும் தண்ணி ஊத்தாத மரம்தான் காய் காயா தொங்கும், பக்கத்து வீட்ல ஆசை ஆசையா வளக்குற மரம் பச்சைப் பசேல்னு நின்னுட்டு ஒரு பூ கூட காட்டாது. இத பாத்துட்டு "மண்ணு சரியில்ல", "ராசி இல்ல"ன்னு பேசுவாங்க. ராசியெல்லாம் ஒண்ணும் இல்லங்க. முருங்கையில வர்ற முக்கால்வாசி கோளாறு நாம அதிகமா கவனிக்கிறதால வர்றதுதான். அதனால மருந்துக் கடைக்கு ஓடுறதுக்கு முன்னாடி கோளாறு மரத்துல எங்க தெரியுதுன்னு பாருங்க, கொழுந்துலயா, பூவுலயா, காய்லயா, அடிமரத்துலயா. அத வச்சே காரணம் பாதி தெரிஞ்சிடும். அடுப்படிக் கோளாறும் மருந்துக்கு சாப்பிடுறதுல வர்ற கோளாறும் கீழ தனியா இருக்கு.

மரம் நல்லா தழைச்சிருக்கு, பூவே வைக்கல

மொதல்ல வயச பாருங்க. பெரியகுளம் தோட்டக்கலைக் கல்லூரியில 1989ல வெளியிட்ட பி.கே.எம் 1 விதை போட்டிருந்தா 90, 100 நாள்ல பூ வரணும், ஆறு மாசத்துல காய் பறிக்கணும். போத்து, அதாவது கிளைத் துண்டு, வெட்டி நட்ட மரம்னா ஒரு வருஷம் பொறுமையா இருங்க, அதுக்குள்ள கவலைப்பட ஒண்ணும் இல்ல. அடுத்த வீட்டு மரத்துல காய்ஞ்ச நெத்துல இருந்து விதை எடுத்துப் போட்டீங்கன்னா அது எப்ப பூக்கும், எப்படி காய்க்கும்னு யாராலயும் சொல்ல முடியாது, ஏன்னா முருங்கையில வண்டு வழியா மகரந்தம் ஒரு மரத்துல இருந்து இன்னொரு மரத்துக்குப் போயிடும், தாய் மரம் இனிச்சா பிள்ளை மரமும் இனிக்கும்னு உத்தரவாதம் கிடையாது. பிடிச்ச மரம் இருந்தா அதுல இருந்து போத்து வெட்டி வைக்கிறதுதான் சரி.

வயசு சரியா இருந்தும் பூக்கலைன்னா தண்ணிய பாருங்க. நம்ம பக்கத்து வீடுகள்ல பாத்திரம் கழுவுற தண்ணி, முற்றத்துல விழுற தண்ணி எல்லாம் பின்கட்டு வழியா கொல்லைக்குத்தான் போகுது, அந்த வாய்க்கால் முடியுற இடத்துல கரெக்டா முருங்கைய வச்சிருப்பாங்க, வருஷம் பூரா வேர் ஈரத்துலயே கிடக்கும். ஈரம் இருக்குற வரைக்கும் மரம் இலைதான் விடும். தண்ணியில்லாம கொஞ்சம் காஞ்சாத்தான் பூவெடுக்கும். அந்தத் தண்ணிய ஒரு மம்பட்டி வெட்டுல திருப்பி வாழைக்கு விடுங்க, வாழை எவ்வளவு ஊத்தினாலும் குடிக்கும்.

அடுத்தது உரம். ஒரு கொழுந்த கையில பிடிச்சுப் பாருங்க, இலை கரும்பச்சையா பெருசா, கணுவுக்குக் கணு ரொம்ப இடைவெளி விட்டு, தண்டு நகத்தால கிள்ளினா தண்ணியா கசியுற அளவுக்கு இளசா இருந்தா தழைச்சத்து ஏறிப் போச்சுன்னு அர்த்தம். யூரியா போட்டிருக்கலாம், கோழி எரு போட்டிருக்கலாம், தொழுவத்துச் சாணிய அடியிலயே கொட்டியிருக்கலாம். எல்லாத்தையும் நிறுத்துங்க. விறகடுப்புச் சாம்பல் இருந்தா மரத்த சுத்தி ரெண்டடி தள்ளி ரெண்டு கை தூவி கிளறி விடுங்க, அதுல சாம்பல்சத்து இருக்கு, போதும்.

இதெல்லாம் பண்ணிட்டு ஐப்பசி கார்த்திகை மழை விட்டதும் தண்ணிய சுத்தமா நிறுத்திடுங்க. தை பிறந்து கொஞ்ச நாள்ல இலை லேசா மஞ்சளாகி உதிர ஆரம்பிக்கும், பயந்துட்டு குடத்த தூக்கிட்டு ஓடாதீங்க, அந்த உதிர்ற நேரத்துலதான் கொழுந்து முனையில கொத்துக் கொத்தா சின்ன மொட்டு தெரியும். மொட்டு தெரிஞ்ச பிறகு பத்துப் பதினஞ்சு நாளைக்கு ஒரு தடவை அளவா தண்ணி விடுங்க.

இன்னொரு காரணமும் இருக்கு, நெறைய பேர் கவனிக்கிறதில்ல: செவுரு நிழல். நம்ம வீட்டு மதில் எல்லாம் ஆள் உசரத்துக்கும் மேல போகும், அந்த மதிலுக்கு வடக்கால ஒட்டி வச்ச மரம் சூரியன் தெற்க சாயுற மாசத்துல பாதி நாள் நிழல்லயே நிக்கும், அது வெயில தேடி உசரமா போகுமே தவிர பூக்காது. இந்தக் கோளாறுக்கு வேற மருந்து இல்ல, போத்து வெட்டி வெயில் படுற இடத்துல புதுசா வைங்க.

பூ கொட்டுது, காய் பிடிக்க மாட்டேங்குது

இதுலதான் எல்லாரும் அவசரப்பட்டு மருந்து அடிச்சு மரத்த வீணாக்குறாங்க. ராத்திரி ஒரு பழைய வேட்டிய மரத்தடியில விரிச்சு வைங்க, காலையில விழுந்தத குனிஞ்சு பாருங்க. விழுந்த பூவே பதில் சொல்லிடும்.

விரிஞ்ச பூ காம்போட விழுந்து கிடக்கு, ஓட்டை கீட்டை ஒண்ணும் இல்லைன்னா கொஞ்சம் கொட்டுறது இயல்பு. ஒரு கொத்துல அவ்வளவு பூ வச்சாலும் காயா நிக்கிறது ஒண்ணு ரெண்டுதான், அதுக்கு மேல நின்னா கிளையே தாங்காது. ஒண்ணு கூட நிக்காம எல்லாமே கொட்டினா தண்ணியில ஏற்ற இறக்கம்னு அர்த்தம், ஒரு மாசம் காயப் போட்டுட்டு பூத்த சந்தோஷத்துல ஒரே நாள்ல அண்டா அண்டாவா ஊத்தியிருப்பீங்க. இல்லைன்னா பூ நேரத்துல திடீர் மழை அடிச்சிருக்கும், அதுக்கு நாம ஒண்ணும் பண்ண முடியாது, அடுத்த பூவுக்குக் காத்திருக்கணும்.

விரியாத மொட்டா விழுந்து கிடந்தா ஒண்ண எடுத்து நகத்தால பிளந்து பாருங்க. உள்ள ஒரு சின்னப் புழுவும் பொடிப் பொடியா கழிவும் இருக்கும், இதுதான் மொட்டுப்புழு. அது மொட்டோட கீழ விழுந்து மண்ணுக்குள்ள போய் கூட்டுப்புழுவாகி திரும்ப அந்துப்பூச்சியா மேல வரும், அதனால மேல அடிக்கிற மருந்த விட கீழ பண்ற வேலைதான் முக்கியம். விழுந்த மொட்ட தினமும் பெருக்கி எரிச்சிடுங்க, மரத்தடி மண்ண வாரம் ஒரு தடவை கொத்தி விடுங்க, கோழி வளக்குறவங்க கோழிய அவுத்து விட்டாலே போதும், அது கிளறி பொறுக்கித் தின்னுடும். மேல அடிக்கணும்னா வேப்பங்கொட்டைக் கரைசல்: ஒரு லிட்டர் தண்ணிக்கு 50 கிராம் வேப்பம்பருப்ப இடிச்சு துணியில கட்டி ராத்திரி ஊறப்போட்டு, காலையில பிழிஞ்சு வடிகட்டி, கொஞ்சம் சோப்புத் தண்ணி கலந்து சாயங்காலமா அடிங்க. வெயில்ல அடிச்சா வீரியம் போயிடும்.

மூணாவது வகை: பூ நல்லா இருக்கு, புழுவும் இல்ல, தண்ணியும் அளவா விடுறீங்க, ஆனா காய் இல்ல. அப்ப ஒரு நாள் காலையில வெயில் ஏறுறதுக்கு முன்னாடி மரத்தடியில நின்னு பாருங்க, தேனீயும் பெரிய கருவண்டும் பூவுக்கு வருதான்னு. கருவண்டு உக்காந்தா பூங்கொத்தே கீழ சாயும், அவ்வளவு கனம். வரலைன்னா நீங்களோ பக்கத்துலயோ பூ நேரத்துல விஷ மருந்து அடிச்சிருக்கீங்க. பூச்சிய கொல்ல அடிச்ச மருந்து வண்டையும் சேத்துக் கொன்னா காய் எங்க இருந்து வரும், அதுவும் நாம தினம் இலையும் பூவும் பறிச்சு சாப்பிடுற மரத்துல. இத நான் கெஞ்சிக் கேக்குறேன், வீட்டு முருங்கையில விஷ மருந்து வேண்டாம்.

அடிமரத்துல கம்பளிப்பூச்சி அடை அடையா

மழைக்கு அப்புறம் வரும். இதுக்கு பயந்தே வீட்டு முன்னாடி முருங்கை வைக்கக் கூடாதுன்னு பெரியவங்க சொன்னாங்க. ஒரு வசதி என்னன்னா இது சிதறிக் கிடக்காது, கூட்டமா அடிமரத்துல ஒட்டிக்கிட்டு இருக்கும், அப்ப மொத்தமா முடிச்சிடலாம். தீப்பந்தத்த காட்டுறது பழைய வழி, ஆனா முருங்கைப் பட்டை மெத்துனு இருக்கும், நெருப்பு கொஞ்சம் நின்னாலும் வெந்துடும், அப்புறம் அந்தக் காயத்துல அழுகல் பிடிக்கும். மீன் எண்ணெய் சோப்பு கிடைச்சா லிட்டருக்கு 25 கிராம் கரைச்சு கூட்டத்து மேல நேரா அடிங்க. அடிக்கிறப்ப முழுக்கை சட்டை போட்டு, முகத்துல துண்டு கட்டிக்கோங்க, காத்து வர்ற பக்கம் முதுக காட்டி நில்லுங்க. பூச்சியோட முடி உடம்புல பட்டா தேய்க்கவே தேய்க்காதீங்க, செல்லோடேப்ப ஒட்டி ஒட்டி எடுத்துட்டு சோப்புப் போட்டு கழுவுங்க. கண்ணுல பட்டா வீட்டு வைத்தியம் பாக்காம டாக்டர்கிட்ட போங்க.

போன வருஷம் ஒழிச்சது இந்த வருஷமும் வேதாளம் முருங்கைமரம் ஏறின கதையா வந்து நிக்குதுன்னா, மொத மழை பேஞ்ச உடனே ராத்திரி கொல்லையில ஒரு பல்பு எரிய விட்டு கீழ சோப்புத் தண்ணி சட்டி வைங்க, தாய் அந்து அதுல விழும்.

இலையில நரம்பு மட்டும் மிச்சம் வச்சு தின்னுட்டு போயிருந்தா அது வேற, இலைப்புழு. வேப்பங்கொட்டைக் கரைசலே போதும், அடிச்சா ஒரு வாரம் கழிச்சு கீரை பறிங்க.

கொழுந்து முனை கருகி தொங்குது, பிசின் வருது

வெயில்ல கருகினதுன்னு நெனைப்பாங்க. கிட்டப் போய் பாத்தா இளந்தண்டுல கரும்புள்ளி இருக்கும், சில இடத்துல பிசின் சொட்டும். தேயிலைக் கொசுன்னு சொல்ற பூச்சி சாறு உறிஞ்சின அடையாளம் அது, இப்ப சில வருஷமா தமிழ்நாட்டு முருங்கையில அதிகமா வருது. கருகின முனைய ஒரு சாண் கீழ வச்சு வெட்டி எரிச்சிடுங்க, காலையிலயோ சாயங்காலமோ வேப்பங்கொட்டைக் கரைசல் அடிங்க.

காய் நுனியில இருந்து அழுகி, வெடிச்சு, பிசின் ஒழுகினா அது காய் ஈ. பிளந்து பாத்தா உள்ள வெள்ளைப் புழு நெளியும். அந்தக் காய மரத்துலயும் விடாதீங்க, குப்பையிலயும் போடாதீங்க, குழி தோண்டி ஆழமா புதைங்க இல்ல எரிங்க. இந்தப் புழுவும் மண்ணுக்குள்ளதான் போகும், அதனால மொட்டுப்புழுவுக்கு சொன்ன அதே மண் கொத்துற வேலை.

இலை முழுக்க மஞ்சள், மரம் லேசா சாயுது

தை மாச மஞ்சளுக்கு பயப்பட வேண்டாம்னு மேல சொன்னேன். ஆனா கார்த்திகை மழையில மஞ்சளாகி, அடிமரத்த கையால அமுக்கினா பொதபொதன்னு இருந்தா அது வேர் அழுகல். முருங்கைக்கு பூர்வீகம் வடமேற்குல இமயமலை அடிவாரம், தண்ணி நிக்காம வடியுற மண்ணுல வளந்த மரம். நம்ம பக்கம் மேல செம்மண்ணா இருந்தாலும் ரெண்டடி தோண்டினா செம்புறாங்கல் பாறை தட்டும், அதுல வெட்டின குழி ஒரு கிண்ணம் மாதிரி ஆயிடும், சுத்தி இருக்குற தண்ணியெல்லாம் உள்ள வந்து வடிய வழியில்லாம நிக்கும். அடியில இருந்து ஒரு வாய்க்கால் கீறி தண்ணிய வடிச்சு விடுங்க. அமுக்குற இடம் சின்னதா இருந்தா அழுகினத சுரண்டி எடுத்து காய விடலாம். சுத்தி வர பொதபொதன்னு ஆயிட்டா மரத்த காப்பாத்த முடியாது, மேல நல்லா இருக்குற கிளையில கைத்தடி பருமனுக்கு ரெண்டு மூணு போத்து வெட்டி நிழல்ல ரெண்டு நாள் போட்டு வெட்டுவாய் காஞ்ச பிறகு, இந்த தடவை மேடு கட்டி அதுல நடுங்க.

காத்தடிச்சா கிளை முறியுது, காய் எட்டல

"முருங்கை பருத்தா தூணாகுமா"ன்னு சொல்லுவாங்க. பர்மாத் தேக்குத் தூணு நிக்கிற வீட்டுக் கொல்லையில இத ஞாபகம் வச்சுக்கணும், எவ்வளவு பருத்தாலும் உள்ள வலுவில்லாத மரம், ஏறவே ஏறாதீங்க, காய் பறிக்க ஏறி விழுந்து இடுப்பு போனவங்க ஒவ்வொரு ஊர்லயும் இருக்காங்க. கொக்கி போட்ட தொரட்டி எட்டுற உசரத்துக்கு மேல மரத்த விடக் கூடாது. செடியா இருக்கும்போதே 75 செ.மீ. உசரத்துல முனைய கிள்ளி விட்டா பக்கக் கிளை நாலு வரும். வளந்த மரம்னா ஆவணி புரட்டாசியில, பெருமழைக்கு முன்னாடி, தரையில இருந்து மூணடிக்கு வெட்டுங்க, வெட்டு சாய்வா இருக்கட்டும், தண்ணி தேங்கக் கூடாது, மேல சாணிய குழைச்சு பூசுங்க. நாலஞ்சு மாசத்துல புதுக் கிளையில பூ வரும், அதாவது சரியா தை மாசி. மார்கழியில வெட்டினா அந்த வருஷப் பூவ நீங்களே வெட்டிப் போட்டதா ஆயிடும்.

காய் கசக்குது, இல்ல நாரா இருக்கு

எல்லாக் காயும் எப்பவும் கசந்தா அது அந்த மரத்தோட குணம், உரத்தாலயோ தண்ணியாலயோ மாறாது, கீரைக்கு வச்சுக்கிட்டு காய்க்கு வேற போத்து வைங்க. நார் வேற விஷயம், அது முத்தினது. சந்தையில வாங்கும்போது காயோட ரெண்டு முனையையும் பிடிச்சு முறுக்கிப் பாருங்க, வளைஞ்சு குடுத்தா இளசு, விறைப்பா நின்னு விதை புடைச்சுத் தெரிஞ்சா முத்தல். முத்தல தூக்கிப் போடாதீங்க, வேக வச்சு சதைய கரண்டியால வழிச்சு பாசிப்பருப்போட கூட்டு வைக்கலாம், அருமையா இருக்கும். ரொம்ப இளசு வாங்கினா குழம்புல கரைஞ்சு சக்கை மட்டும் மிதக்கும்.

காரக்குழம்புல காய் எவ்வளவு நேரம் கொதிச்சும் வேகலைன்னா புளிய முன்னாடியே ஊத்தியிருப்பீங்க. புளிப்பு ஏறினா காய் சீக்கிரம் வேகாது. வதக்கின வெங்காயம் பூண்டோட காய போட்டு வெறும் தண்ணியில முக்கால் வேக்காடு வந்ததும் புளி.

கீரை கசக்குது, கறுக்குது, உருண்டை கட்டுது

மூணுக்கும் மூணு காரணம். கசக்குறது முத்தின இலையால, கொழுந்துக்கு அடுத்த ரெண்டு மூணு ஈர்க்கு வரைக்கும் பறிங்க, போதும். கறுக்குறது மூடி போட்டதால, முருங்கைக்கீரைய மூடவே கூடாது, திறந்த சட்டியில கொஞ்சமா தண்ணி தெளிச்சு வேகமா வதக்கணும், எங்க வளவுல ஆச்சிமாரெல்லாம் ஒரு சிட்டிகை சீனியும் போடுவாங்க. உருண்டை கட்டுறது கிண்டிக்கிட்டே இருக்கிறதால. சட்டியில போட்ட உடனே கரண்டிய வச்சு பெரட்டாம, ஒரு நிமிஷம் அப்படியே வதங்க விட்டு, அப்புறம் கரண்டிக் காம்பால உதிர்த்து விடுங்க, அரை வேக்காட்டுப் பாசிப்பருப்பு சேத்து துவட்டுனா தனித்தனியா நிக்கும். உப்பு கடைசியில, ஏன்னா கீரை சுண்டி ஒரு கைப்பிடி ஆயிடும், முதல்லயே போட்டா கரிச்சுப் போகும்.

உருவ நேரம் இல்லைன்னா கீரைக் கட்ட ராத்திரி ஒரு துணியில இறுக்கிச் சுத்தி வைங்க, காலையில உதறினா இலை தானா கொட்டும், ஈர்க்கு தனியா நிக்கும். ஈர்க்கு கலந்தாத்தான் தொண்டையில குத்துறது, பிள்ளைங்க துப்புறது எல்லாம். நண்டு மசாலாவுல இறக்குறப்ப ஒரு கை இந்த இலைய போட்டுப் பாருங்க, அந்த வாசமே தனி.

பூவுல எறும்பும் புழுவும் வருதுன்னா மஞ்சள் உப்பு போட்ட தண்ணியில பத்து நிமிஷம் போட்டு எடுத்து, காம்ப கிள்ளிட்டு வெங்காயமும் முட்டையும் சேத்து வதக்குங்க. மரத்தடியில விழுந்த பூவ எடுக்காதீங்க.

பொடி பழுப்பாயிடுச்சா? வெயில்ல காய வச்சிருக்கீங்க. நிழல்ல, காத்தோட்டமா, வெள்ளைத் துணியில ஒத்தை ஒத்தையா பரப்பி, கையில நொறுக்கினா சலசலன்னு உடையுற வரைக்கும் காயணும். ஈரம் மிச்சமிருந்தா பூசணம் பிடிக்கும், அந்தப் பொடிய சலிச்சு வச்சுக்கலாம்னு பாக்காம கொட்டிடுங்க. நெய்யுல போட்ட இலை படபடன்னு வெடிச்சு நெய் சீக்கிரம் நாறினாலும் இதே காரணம்தான், இலையில ஈரம். கழுவி துடைச்சு, நெய் பொன்னிறமா தெளிஞ்சு அடுப்ப அணைச்சதும் போடணும், மொறுமொறுன்னு ஆனதும் இலைய எடுத்து சோத்துல பிசைஞ்சு சாப்பிடலாம்.

மருந்துன்னு சாப்பிட்டா வயிறு கோளாறு பண்ணுது

100 கிராம் கீரையில 300 மில்லிகிராமுக்கு மேல கால்சியம் இருக்கு, வைட்டமின் சி, இரும்பு எல்லாம் இருக்கு, அதனால நிறைய சாப்பிட்டா நிறைய நல்லதுன்னு திடீர்னு தினமும் ரெண்டு ஸ்பூன் பொடி முழுங்குறாங்க, வயித்தால போகுது, கடமுடாங்குது. கால் ஸ்பூன்ல ஆரம்பிங்க, மதியச் சோத்தோட சாப்பிடுங்க, ராத்திரி வேண்டாம். ரத்தசோகைக்கு சாப்பிட்டும் ஏறலைன்னா சாப்பிட்ட உடனே டீ காபி குடிக்கிறீங்களான்னு யோசிங்க, அது இரும்ப உடம்புல சேர விடாது, பதிலுக்கு எலுமிச்சை பிழிஞ்சுக்கோங்க. அப்படியும் ஏறலைன்னா ரத்தப் பரிசோதனை பண்ணி காரணத்த கண்டுபிடிக்கணும், கீரைய மட்டும் நம்பி மாசக்கணக்குல தள்ளிப் போடாதீங்க.

சுகர் மாத்திரை சாப்பிடுறவங்க பொடி எடுத்து தலை சுத்தி வேர்த்தா உடனே சர்க்கரைய செக் பண்ணுங்க, குறைஞ்சிருக்கலாம். பிரஷர் மாத்திரையோடயும் கவனம் வேணும். ரத்தம் உறையாம இருக்க வார்ஃபரின் சாப்பிடுறவங்க டாக்டர்கிட்ட சொல்லாம பொடி ஆரம்பிக்கவே கூடாது, கீரையில இருக்குற வைட்டமின் கே அந்த மாத்திரைக்கு நேர் எதிரா வேலை செய்யும். வேரும் வேர்ப்பட்டையும் கீரை கணக்குல வராது, அதுல நச்சு இருக்கு, கர்ப்பமா இருக்குறவங்க தொடவே வேண்டாம், மத்தவங்களும் யாரோ சொன்னாங்கன்னு கஷாயம் வச்சு குடிக்க வேண்டாம்.

ஊருணித் தண்ணி கலங்கலா இருக்கு

மழை பேஞ்சு செம்மண் கரைஞ்சு வந்த தண்ணிய தெளிய வைக்க நம்ம பக்கம் தேத்தாங்கொட்டை உரசுவாங்க, முருங்கை விதையும் அந்த வேலைய செய்யும், சூடான்ல பொம்பளைங்க நைல் ஆத்துத் தண்ணிக்கு இதத்தான் போடுவாங்க. மரத்துலயே காஞ்ச நெத்தோட விதைய தோல் நீக்கி, லிட்டருக்கு ஒண்ணுன்னு நுணுக்கி, கொஞ்சம் தண்ணியில கரைச்சு துணியில வடிகட்டி குடத்துல ஊத்துங்க. ஒரு நிமிஷம் வேகமா, அப்புறம் அஞ்சு நிமிஷம் மெதுவா கிண்டி, அசைக்காம வைங்க. ரெண்டு மணி நேரம் ஆகியும் தெளியலைன்னா விதை பழசா இருக்கும் இல்ல பச்சைக் காய்ல எடுத்ததா இருக்கும். அடுத்த நாள் வாடை அடிச்சா விதைச் சத்து தண்ணியில தங்கிப் போய் கெட்டிருக்கு, அந்தத் தண்ணிய செடிக்கு ஊத்திட்டு, இனிமே மேலாக தெளிஞ்சத மட்டும் வேற குடத்துக்கு மாத்தி, நல்லா கொதிக்க வச்சு, அன்னைக்கே குடிச்சு முடிச்சிடுங்க.